கெரன்ஹாப்பக்கின் பங்கு

மான்செஸ்டருக்குக் கிழக்கே மலைச்சரிவில் இருக்கும் எங்கள் ஊர் ஹோல்ம்ஷாவில் எல்லோரும் அவளை ஹாப்பி என்றுதான் கூப்பிட்டார்கள். ரொட்டிக்கடை ஈனோக் ஹெலிவெல்லின் ஒரே மகள். ஞானஸ்நானப் பெயர் கெரன்ஹாப்பக். அந்தப் பெயரைத் தப்பில்லாமல் எழுதத் தெரிந்தவர்கள் ஊரில் இரண்டே பேர்தான். ஒன்று அவள், இன்னொன்று ஒன்றாம் வகுப்பிலிருந்து அவள் பக்கத்தில் உட்கார்ந்து படித்த நான், மேவிஸ். பள்ளியில் புதிதாக டீச்சர் யாராவது வந்து பெயர் கூப்பிடும்போது, அவள் முறை வந்ததும் குரல் நின்றுவிடும். ஒருவர், "கெரன்... ஹாப்... இது பேரா, இருமலா?" என்று கேட்டேவிட்டார். பையன்களுக்கு அது போதாதா? அதற்கப்புறம் அவள் வகுப்புக்குள் நுழைந்தாலே பின்வரிசை முழுக்க இரும ஆரம்பித்துவிடும்.

ஹெலிவெல் வீட்டில் தலைமுறைக்கு ஒரு கெரன்ஹாப்பக் இருந்திருக்கிறாள். ஆலயத்தை ஒட்டிய கல்லறைத் தோட்டத்தில் மூன்று கற்களில் அந்தப் பெயர் உண்டு. மூன்றிலும் எழுத்து மூன்று விதம். ஏன் இந்தப் பெயர் என்று கேட்டால், "யோபுவோட கடைசிப் பொண்ணு பேரு, வேதத்துல இருக்கு," என்பார் ஈனோக். அதற்குமேல் கேள்வி கேட்பது அவருக்குப் பிடிக்காது. அவர் குதிரைப் பந்தயத்தில் பணம் கட்டாதவர், ஞாயிற்றுக்கிழமை செய்தித்தாள் தொடாதவர், சாராயம் ஊற்றிய கிறிஸ்துமஸ் கேக்கை விற்காதவர். வேதத்தில் இருக்கிறது என்றால் அவருக்கு அதுவே முடிவு.

நான் சொல்லப்போவது 1962 ஜூன் மாதம் நடந்தது. எங்கள் இருவருக்கும் இருபத்தொரு வயது. நான் நூற்பாலை அலுவலகத்தில் டைப் அடித்துக்கொண்டிருந்தேன். ஹாப்பி பதினைந்து வயதிலிருந்தே அப்பாவின் அடுப்படியில் நின்றாள். அவள் செய்யும் திராட்சை பன்னுக்காக அடுத்த பள்ளத்தாக்கிலிருந்தெல்லாம் ஆள் வரும். அவளுக்கு இரண்டு அண்ணன்கள். மூத்தவன் லென் ஹடர்ஸ்ஃபீல்டில் பஸ் கண்டக்டராகிவிட்டான். இளையவன் க்ளிஃபோர்ட் பெயருக்குக் கடையில் இருந்தான், உயிர் மட்டும் ஊர் பாண்டு குழுவில் ஊதும் கார்னெட் என்ற பித்தளைக் குழலில் இருந்தது. ஆனாலும் ஈனோக் அந்த மாதம் கடை முகப்பில் புதிதாக 'ஹெலிவெல் அண்ட் சன்ஸ்' என்று எழுதுவதற்குப் பெயின்டர் சேத் அட்லியிடம் சொல்லி வைத்திருந்தார்.

"அண்ட் சன்ஸாம்," என்று ஹாப்பி ஒருமுறை என்னிடம் சொன்னாள். "ஒருத்தன் டிக்கெட் கிழிக்கறான், இன்னொருத்தன் ஊதறான். மாவு பிசையறது மட்டும் நான்."

சொன்னாளே தவிர அப்பாவிடம் கேட்கவில்லை. கேட்கலாம் என்பதே அப்போது அவளுக்குத் தோன்றியிருக்கவில்லை.

எங்கள் ஆலயத்தில் ஞாயிறு பள்ளி ஆண்டுவிழாதான் வருஷத்திலேயே பெரிய நாள். மேடையில் படிப்படியாகப் பலகை அடித்து, பெண்களெல்லாம் வெள்ளை உடையில் வரிசையாக உட்காருவோம். பாண்டு குழு மேல்மாடத்தில். வெளியூர் போதகர் வருவார். அந்த வருஷம் தனிப்பாடல் ஹாப்பிக்கு. விழாவுக்கு முந்தைய வியாழக்கிழமை ஒத்திகைக்கு அவள் கண்ணில் மஸ்காரா போட்டுக்கொண்டு வந்தாள். ஹாலிஃபாக்ஸில் வாங்கியது. ஒரு சின்ன டப்பாவில் கட்டியாக இருக்கும், எச்சில் தொட்டுக் குட்டிப் பிரஷ்ஷால் தேய்த்து இமையில் தடவ வேண்டும். எங்கள் ஆலயத்தில் அதற்குமுன் யாரும் அதைப் போட்டு வந்ததில்லை. என்னால் அவளிடமிருந்து கண்ணை எடுக்கவே முடியவில்லை. அவ்வளவு அழகாக இருந்தாள்.

ஆர்கன் வாசித்துக்கொண்டிருந்த சபை மூப்பர் தாடியஸ் க்ராப்ட்ரீ பாட்டின் நடுவே கையை எடுத்துவிட்டார்.

"ஹாப்பி, கண்ணுல என்னம்மா கரி?"

"கரி இல்ல சார். மஸ்காரா."

"அடுப்புல வேல செய்யறவளாச்சே, கரியாத்தான் இருக்கும்னு நல்லபடியா நெனச்சேன்."

நாங்கள் பாடி முடித்து மலைச்சரிவில் இறங்கி வருவதற்குள் செய்தி எங்களுக்கு முன்னால் கடைக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது. ஈனோக் மேஜையில் மாவைத் தட்டிக்கொண்டிருந்தார். நிமிரவில்லை.

"ஞாயித்துக்கிழம பாடணும்னா அதக் கழுவிட்டுப் பாடு."

"குரலுக்கும் கண்ணுக்கும் என்னப்பா சம்பந்தம்?"

"பேருக்கும் உனக்கும் சம்பந்தம் இருக்கு. வேதத்துலேர்ந்து எடுத்து வெச்ச பேரு. அதுக்கு ஏத்த மாதிரி நடந்துக்க."

"அந்தப் பேருக்கு என்னதான்ப்பா அர்த்தம்?"

அவர் கை ஒரு கணம் நின்றது. "அடக்கம்னு அர்த்தம்."

"நிச்சயமா?"

"யோபு மாதிரி ஒரு பக்திமான் பொண்ணுக்கு வேற என்ன பேரு வெப்பாரு?"

மூலையில் மூட்டைமேல் உட்கார்ந்து கார்னெட்டைத் துடைத்துக்கொண்டிருந்த க்ளிஃபோர்ட், "இருமல்னு அர்த்தம்னுல்ல பள்ளிக்கூடத்துல சொன்னாங்க," என்றான். ஈனோக் ஒரு மாவு உருண்டையை அவன்மேல் எறிந்தார். அது குறி தவறாமல் கார்னெட் வாய்க்குள் விழுந்தது.

ஞாயிற்றுக்கிழமை ஹாப்பி முகத்தைக் கழுவிவிட்டுத்தான் வந்தாள். ரொம்ப நேரம் தேய்த்துக் கழுவியிருக்க வேண்டும், கண் இரண்டும் சிவந்திருந்தன. ஆலயத்தின் பின்னறையில் நாங்கள் வரிசையில் நிற்கும்போது போதகர் உள்ளே வந்தார். லயனல் டெய்ல் என்று பெயர். மான்செஸ்டரில் இறையியல் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த ஒல்லி இளைஞர். சைக்கிளில் வந்தவர், செயினில் சிக்காமல் இருக்கப் பேண்ட் காலில் மாட்டிய கிளிப்பைக் கழற்ற மறந்திருந்தார். பாடுகிறவர்களுக்கு மேடையில் நன்றி சொல்ல வேண்டும் என்று ஒவ்வொருவரிடமும் பெயர் கேட்டுக்கொண்டே வந்தார்.

"உங்க பேரு?"

"ஹாப்பி ஹெலிவெல்."

"முழுப் பேரே அதானா?"

ஹாப்பி பெருமூச்சு விட்டாள். "கெரன்ஹாப்பக். தயவுசெஞ்சு இருமாதீங்க."

அவர் இருமவில்லை. குதித்தார். நிஜமாகவே குதித்தார். கையிலிருந்த பாட்டுப்புத்தகம் தரையில் விழுந்தது.

"கெரன்ஹாப்பக்கா! நிஜமாவா? ரெண்டு வருஷமா உக்காந்து எபிரேய மொழி படிக்கறேங்க. இந்தப் பேரோட ஒரு ஆள உசிரோட பாப்பேன்னு நெனச்சதே இல்ல! உங்க வீட்ல இது எத்தன தலமுறையா வருது?"

"கல்லறத் தோட்டத்துல மூணு இருக்கு," என்று நான் சொன்னேன்.

"மூணா!" அவர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார், என்னவோ நானே மூன்று பேரையும் பெற்ற மாதிரி. பிறகு ஹாப்பியிடம் திரும்பினார். "அர்த்தம் தெரியுமா உங்களுக்கு?"

"அடக்கம்னு அப்பா சொன்னாரு."

"அடக்கமா?" அவருக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "அடக்கமே இல்லீங்க. 'கெரன்'னா கொம்பு. அந்தக் காலத்துல மாட்டுக் கொம்பக் குடைஞ்சு அதுலதான் பொடி, தைலம்லாம் வெப்பாங்க. 'ஹப்பூக்'ன்னா கண்ணுல தீட்டற கறுப்பு மை. மொத்தமா, கண்மை வெக்கற கொம்புச் சிமிழ்!"

ஹாப்பியின் கை என் மணிக்கட்டைப் பற்றியது. நகம் ஐந்தும் உள்ளே இறங்கின.

"இன்னொரு தடவ சொல்லுங்க," என்றாள் மிக மெதுவாக.

"கண்மைச் சிமிழ். பொண்ணுங்க கண்ணுக்கு அழகா தீட்டிக்கறாங்களே, அது இருக்கற டப்பா."

"இத மேடையில சொல்வீங்களா?"

"பிள்ளைங்களுக்கான பேச்சுக்கு நோவா பேழையில்ல தயார் பண்ணிட்டு வந்திருக்கேன்."

"நோவா எங்கயும் போயிட மாட்டாரு. அடுத்த வருஷம்கூட சொல்லலாம். இதச் சொல்லுங்களேன்."

அவருக்கு வியாழக்கிழமை நடந்தது எதுவும் தெரியாது. முகமெல்லாம் பூரிக்கத் தலையாட்டினார். நான் வாயைத் திறக்கப் போனேன். ஹாப்பி என் காலை மிதித்தாள்.

ஆலயத்தில் ஊசி விழ இடமில்லை. பக்கத்து ஊர் ஆலயங்களிலிருந்தெல்லாம் ஆட்கள். முன்வரிசையில் ஈனோக், கடுகடு என்று விறைப்பாக. அவர் பக்கத்தில் மனைவி ஈடித், புதுத் தொப்பியில். ஆர்கன் எதிரில் க்ராப்ட்ரீ. பாட்டு, ஜெபம், மறுபடி பாட்டு. பிறகு லயனல் டெய்ல் மேடையேறி, பிள்ளைகளைப் பார்த்து, "உங்க பேருக்கெல்லாம் என்ன அர்த்தம்னு தெரியுமா?" என்று ஆரம்பித்தார். நான் பாட்டுப்புத்தகத்தால் முகத்தை மறைத்துக்கொண்டேன்.

அவர் பழைய கதையிலிருந்து தொடங்கினார். முன்னூறு, நானூறு வருஷத்துக்கு முன்னால், புனிதர்களின் பெயரெல்லாம் நமக்கு வேண்டாம் என்று இந்த நாட்டில் ஒரு கூட்டம் முடிவுசெய்தது. பிள்ளை பிறந்தால் வேதத்தைத் திறந்து பெயர் தேடினார்கள். எபிரேயம் தெரிந்தவர் ஆயிரத்தில் ஒருவர்கூட இல்லை. அதனால் காதுக்கு எது நன்றாக இருந்ததோ அதை வைத்தார்கள். பக்தியான வீடு, கண்டிப்பான வீடு, கண்ணாடி பார்ப்பதே பாவம் என்று நினைக்கிற வீடு. அங்கேயெல்லாம் இந்த ஒரு பெயரும் போய்ச் சேர்ந்தது.

"உங்க சபையிலயே ஒருத்தர் இருக்காங்க. இன்னிக்கி இங்க பாடப் போறாங்க. கெரன்ஹாப்பக். இந்தப் பேருக்கு என்ன அர்த்தம் தெரியுமா?" நிறுத்தினார். "கண்மைச் சிமிழ்!"

வியாழக்கிழமை விவகாரம் தெரியாத ஒரு ஆள் அங்கே இருந்தார் என்றால் அது மேடையில் நின்றவர் மட்டும்தான். பிறகு மேல்மாடத்திலிருந்து பர்ர்... பர்ர்... என்று ஒரு சத்தம். க்ளிஃபோர்ட் சிரிப்பை அடக்குவதற்காகக் கார்னெட்டை வாயில் வைத்திருக்கிறான், சிரிப்பு அதன் வழியே வெளியே வந்துவிட்டது. அதோடு அணை உடைந்தது. பாண்டு குழு சிரித்தது, பக்கத்து ஊர்க்காரர்கள் சிரித்தார்கள், எங்கள் பலகையே ஆட ஆரம்பித்தது. ஈடித் அம்மாளின் தொப்பி குலுங்கிக்கொண்டிருந்தது. க்ராப்ட்ரீ எழுந்தார்.

"போதகர் ஐயா! பிள்ளைங்க இருக்காங்க!"

"அவங்களுக்காகத்தாங்க பேசறேன்," என்றார் டெய்ல் ஒன்றும் புரியாமல். "இன்னும் நல்ல பகுதி வரல. கேளுங்க."

ஈனோக்கின் காது பக்கவாட்டிலிருந்து எனக்குத் தெரிந்தது. அடுப்புக் கதவைத் திறந்தால் தெரியும் சிவப்பு.

"யோபு எல்லாத்தையும் இழந்தவரு. பிள்ளைங்க, ஆடு மாடு, உடம்பு, எல்லாம். அப்புறம் எல்லாம் திரும்பி வருது. மூணு பொண்ணுங்க பொறக்கறாங்க. என்ன பேரு வெச்சாரு? புறான்னு ஒண்ணு. வாசனைப் பட்டைன்னு ஒண்ணு. கண்மைன்னு ஒண்ணு. அவ்ளோ துக்கப்பட்ட மனுஷன், சந்தோஷத்துல வெச்ச பேருங்க! இன்னொண்ணு. அவருக்குப் பையன்களும் ஏழு பேரு இருந்தாங்க. அவங்க பேரு என்ன? வேதம் சொல்லவே இல்ல. பொண்ணுங்க பேர் மட்டும்தான் இருக்கு. அதோட, அண்ணன் தம்பிங்களுக்கு நடுவுல இந்தப் பொண்ணுங்களுக்கும் சொத்துல பங்கு குடுத்தாருன்னு இருக்கு. அந்தக் காலத்துல யாருமே செய்யாதது."

இந்தக் கடைசிப் பகுதியை அவர் பின்னறையில் சொல்லியிருக்கவில்லை. நான் ஹாப்பியைப் பார்த்தேன். அதுவரை வெற்றிச் சிரிப்பு சிரித்துக்கொண்டிருந்தவள் சட்டென்று சிரிப்பை நிறுத்திவிட்டாள். உதடு மட்டும் அசைந்தது. 'பங்கு' என்று சொல்லிப் பார்க்கிறாள்.

பிறகு அவள் பாடினாள். நான் எத்தனையோ வருஷம் அந்தக் குழுவில் பாடியிருக்கிறேன். அந்த மாதிரி ஒரு குரலை அந்தக் கூரைக்குக் கீழே கேட்டதில்லை. சிரித்துக் களைத்த கூட்டம் அப்படியே கட்டிப்போட்ட மாதிரி இருந்தது.

ஈனோக் அன்று டீ விருந்துக்கு நிற்கவில்லை. திங்கட்கிழமை முழுவதும் வீட்டில் யாருடனும் பேசவில்லை. செவ்வாய்க்கிழமை காலை சேத் அட்லி ஏணியோடு வந்தார்.

ஆலையில் அன்று பாய்லர் பழுதென்று எங்களை ஒன்பது மணிக்கே அனுப்பிவிட்டார்கள். நான் கடைப்பக்கம் வரும்போது ஏணியின்மேல் சேத், கறுப்புப் பலகையில் தங்க நிற எழுத்து. 'ஹெலிவெல் அண்ட்' வரை வந்துவிட்டார். ரொட்டி வாங்க வரிசையில் நின்ற பெண்கள் அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள். உள்ளேயிருந்து ஹாப்பி வந்தாள், முழங்கை வரை மாவோடு. இமையில் மஸ்காரா. நேராகப் போய் ஏணியைப் பிடித்துக்கொண்டாள்.

"சேத் அண்ணே, கொஞ்சம் நிறுத்துங்க."

"பெயின்ட் காஞ்சுரும் பொண்ணே."

"காயட்டும்."

ஈனோக் வாசலுக்கு வந்தார். "சேத், நீ எழுது."

"எழுதாதீங்க அண்ணே."

சேத் பிரஷ்ஷைத் தூக்கிப் பிடித்தபடி இருவரையும் பார்த்தார். "எதாவது ஒண்ணு முடிவு பண்ணுங்கப்பா. எனக்கு உயரம்னாலே தல சுத்தும்."

"அப்பா," என்றாள் ஹாப்பி. அவள் குரல் தெரு முழுக்கக் கேட்டது. "ஆறு வருஷமா இந்த அடுப்ப பத்த வெக்கறது யாரு?"

"நீதான். நான் இல்லன்னு சொன்னேனா?"

"அப்ப நான் எங்க அந்தப் பலகையில?"

"நீ நாளைக்கு கல்யாணம் பண்ணிட்டுப் போவ. வேற குடும்பப் பேரு வந்துரும்."

"வரட்டும்! பின்னாடி இருக்கற பேருதான மாறும்? முன்னாடி இருக்கறது மாறாதே. அது வேதத்துல இருக்கு, நீங்கதான சொல்வீங்க. அதுக்கு ஏத்த மாதிரி நடன்னீங்க. நடக்கறேன். என் பங்கக் குடுங்க."

வரிசையில் யாரோ, "அப்படிப் போடு!" என்றார்கள்.

"அது யோபு காலம்," என்றார் ஈனோக். "காலம் வேற."

"கண்மைக்கு மட்டும் காலம் மாறலியா?"

அவர் க்ளிஃபோர்டைத் தேடினார். அவன் ஜன்னலில் சாய்ந்து நின்றிருந்தான். "என்னைப் பாக்காதீங்கப்பா. எனக்கு ஈஸ்ட் வாசனையே ஆகாது. அவ பக்கம்தான் நான்." ஈனோக் மனைவியைத் தேடினார். ஈடித் அம்மாள் கல்லாவுக்குப் பின்னாலிருந்து, "பேரு வெச்சது நீங்க. நான் டோரத்தின்னு வெப்போம்னு கெஞ்சினேன்," என்றாள்.

அவருக்கு நிற்க ஒரு இடம்தான் பாக்கி. "அந்தப் பையன் சொன்னது நெஜந்தான்னு எப்படித் தெரியும்? சைக்கிள் கிளிப்பக்கூட கழட்டத் தெரியாதவன்."

"விசாரிங்க. விசாரிச்சு முடியற வரைக்கும் சேத் அண்ணன் எறங்கட்டும்."

சேத் பதிலுக்குக் காத்திருக்காமல் இறங்கிவிட்டார்.

ஆக அந்த வாரம் எங்கள் ஊரின் பெரிய தெருவில் 'ஹெலிவெல் அண்ட்' என்று ஒரு பலகை, அதற்குமேல் ஒன்றுமில்லாமல். வேறு பேச்சே இல்லை ஊரில். ஆலையில் நூற்புக் கூடத்திலிருந்து கணக்கு அறை வரை, "ஹெலிவெல் அண்ட் யாரு?" என்பதுதான் காலை வணக்கம். சின்னப் பசங்கள் சுவரில் சாக்பீஸால் 'மஸ்காரா' என்று எழுதி அம்புக்குறி போட்டார்கள். பஸ் கண்டக்டர் லென் கேள்விப்பட்டு, கடை நிறுத்தம் வந்ததும், "ஹெலிவெல் அண்ட், ஹெலிவெல் அண்ட், இறங்குறவங்க இறங்குங்க," என்று கத்தினான். ஹாப்பி சாப்பிடவும் முடியாமல் தூங்கவும் முடியாமல் அலைந்தாள். "நான் கேட்டுட்டேன் மேவிஸ். கேட்டுட்டேன்!" என்பாள் சிரித்துக்கொண்டே. அடுத்த நிமிஷம், "ஒத்துக்கலன்னா நான் அந்த வீட்ல எப்படிடீ இருப்பேன்?" என்று முகத்தை மூடிக்கொள்வாள்.

வியாழக்கிழமை க்ராப்ட்ரீ சமாதானம் செய்கிறேன் என்று கடைக்கு வந்தார். ஈனோக்கை ஒதுக்குப்புறமாக அழைத்து, "இவ்ளோ வில்லங்கம் பிடிச்ச பேரு எதுக்கு? மேரின்னு மாத்திருங்க. சபையில நானே அறிவிக்கறேன். பேரு போனா பிரச்சனையும் போச்சு," என்றாராம். இதை ஹாப்பி அடுப்படியிலிருந்து கேட்டிருக்கிறாள். ஈனோக் கையிலிருந்த ரொட்டி வாரும் நீளக் கட்டையைத் தரையில் ஓங்கி ஊன்றினார்.

"எங்க அத்த பேருய்யா அது. அவ வளத்த பிள்ள நான். அவ பேரு வில்லங்கமா? போய் உன் ஆர்கன வாசி."

ஹாப்பி அன்றைக்கு அதை என்னிடம் சொல்லும்போது அழுதாள். அப்பா அவள் பெயருக்காக ஒருவரோடு சண்டை போட்டது அதுதான் முதல் தடவை.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஆலை விட்டு வரும்போது ரொட்டி வாங்க நுழைந்தேன். கல்லாவில் யாருமில்லை. ஈனோக் சுவர் டெலிபோனைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார். தூரமான ஊருக்குப் பேசினால் அதற்கேற்ற மாதிரி கத்த வேண்டும் என்பது அவர் நம்பிக்கை.

"டெய்லா? ஹோல்ம்ஷாலேர்ந்து ஹெலிவெல்! கண்மைப் பொண்ணோட அப்பா!" கொஞ்சம் நிறுத்தம். "சைக்கிள் நல்லாருக்கா? சரி. அந்த அர்த்தம் சொன்னியே, நிச்சயமா? வேற அர்த்தமே இல்லியா? அடக்கம்னு... ஒரு ஓரமாக்கூட இல்லியா?"

அந்தப் பக்கம் பதில் வந்தது. ஈனோக் கண்ணை மூடித் திறந்தார்.

"சரி. அது கெடக்கட்டும். அடுத்தது. பங்கு குடுத்தாருன்னு இருக்கே. நான் நாலு நாளா அதத்தான் படிச்சிட்டிருக்கேன். சகோதரர் நடுவுலன்னு இருக்கு. நடுவுலன்னா... ஒப்புக்குச் சப்பாணியா கொஞ்சூண்டு குடுத்தாரா, இல்ல அவனுங்களோட சேத்து சரியா குடுத்தாரா?" ரொம்ப நேரம் கேட்டுக்கொண்டிருந்தார். "ம். ம். நானும் அப்படித்தான் நெனச்சேன். நடுவுலன்னா நடுவுலதான். ஓரத்துல இல்ல. சரி, வெச்சிடறேன். கிளிப்ப கழட்டு."

டெலிபோனை வைத்துவிட்டுத் திரும்பியவர் என்னைப் பார்த்துவிட்டார்.

"என்ன வேணும் உனக்கு?"

"ஒரு ரொட்டி."

"உள்ள போய் அவகிட்ட வாங்கிக்க," என்றார். ஏப்ரனைக் கழற்றி ஆணியில் மாட்டினார். மாட்டும்போது முதுகு என் பக்கம் இருந்தது. "கடை அவளோடதும்தான்."

எனக்குக் கால் தரையில் படவில்லை. கல்லாப் பலகையைத் தாண்டிக் குதித்து உள்ளே ஓடினேன். ஹாப்பி பெரிய தொட்டியில் மாவுக்குள் இரண்டு கையையும் விட்டுக்கொண்டு நின்றாள். "குடுத்துட்டாரு! நடுவுல! ஓரத்துல இல்ல!" என்று கத்தினேன். அவளுக்கு ஒன்றும் புரியவில்லை. மறுபடி சொன்னேன். புரிந்ததும் ஒரு அலறல் அலறினாள் பாருங்கள், பக்கத்துக் கசாப்புக்கடைக்காரர் கத்தியோடு ஓடி வந்துவிட்டார். என் ஆபீஸ் கோட்டின் முதுகில் பத்து விரலும் மாவாகப் பதிந்தன. நாங்கள் இருவரும் அடுப்பைச் சுற்றிச் சுற்றி ஆடினோம். க்ளிஃபோர்ட் கார்னெட்டை எடுத்து ஊத ஆரம்பித்தான். ஈடித் அம்மாள் வாசலில் சாய்ந்து நின்று, "ஆடினது போதும், அடுப்புல ரொட்டி கருகுது," என்றாள், ஆனால் அவளும் காலைத் தட்டிக்கொண்டிருந்தாள். ஈனோக் கொல்லைக் கதவைத் திறந்துகொண்டு வெளியே போய்விட்டார். கொஞ்ச நேரம் கழித்து ஹாப்பி அவர் பின்னாலேயே போனாள். என்ன பேசிக்கொண்டார்கள் என்று அவள் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. திரும்பி வந்தபோது அவள் மஸ்காரா கன்னம் வரை வழிந்திருந்தது. ஈனோக்கின் வெள்ளைச் சட்டைத் தோளில் இரண்டு கறுப்புக் கறை.

மறுநாள் சேத் அட்லி திரும்ப ஏணி ஏறினார். என்ன எழுத வேண்டும் என்று கேட்டதும் அவருக்கு வியர்த்துவிட்டது.

"ஈனோக், எடம் பத்தாதுப்பா! 'சன்ஸ்' மட்டும்னுதான நான் அளந்து வெச்சேன்!"

"எழுத்த சின்னதாக்கிக்க."

"அந்தப் பேரு எழுத்து எல்லாம் எங்க வருதுன்னு யாருக்குத் தெரியும்?"

"எனக்குத் தெரியும்," என்று நான் கீழே நின்று ஒவ்வொரு எழுத்தாகச் சொல்லிக்கொண்டு வந்தேன். மதியத்துக்குள் முடிந்தது. 'ஹெலிவெல் அண்ட் சன்ஸ் அண்ட் கெரன்ஹாப்பக்'. முதல் எழுத்து ஒரு அடி உயரம். போகப்போகக் குறுகி, கடைசி எழுத்து மழைநீர்க் குழாயின் மேலேயே ஏறிவிட்டது. க்ளிஃபோர்ட் அண்ணாந்து பார்த்துவிட்டு, "அவ பேரு இருக்கு. எங்க ரெண்டு பேரு பேரு எங்கப்பா?" என்றான்.

"யோபு பையன்களுக்கே பேரு கெடையாது," என்றார் ஈனோக். "உனக்கு என்ன கேடு?"

ஆகஸ்டில் ஹாப்பி ஹாலிஃபாக்ஸ் மார்க்கெட்டில் ஒரு கடை பிடித்தாள். அப்பாவிடம் அனுமதி கேட்கவில்லை, தகவல் சொன்னாள். பழைய வேன் ஒன்று வாங்கினாள். லைசென்ஸ் வாங்கி நான்கு நாள்தான் ஆகியிருந்தது. முதல் சனிக்கிழமை நானும் கூடப் போனேன், பின்னால் அடுக்கடுக்காகத் திராட்சை பன் தட்டு. மலையிறக்கத்தில் முதல் வளைவிலேயே ஒரு தட்டு சரிந்து என் மடியில் கொட்டியது.

"பிரேக்க மிதிடீ!" என்று கத்தினேன்.

"எது பிரேக்கு?"

"ஹாப்பி!"

"சும்மா சொன்னேன்டீ. பன்ன எண்ணாத, ரெண்டு எடுத்துத் தின்னு. ஒண்ண என் வாயில வையி, எனக்குக் கை காலியில்ல."

அவள் கியரை மாற்றினாள். வேன் ஒரு உறுமு உறுமி அடுத்த வளைவில் திரும்ப, கீழே ஹாலிஃபாக்ஸின் புகைபோக்கிகள் வரிசையாகத் தெரிந்தன.